இடைச்செருகல்காரர்களுக்கு ஒரு திறந்த மடல்

பழைய ஊமைப்படங்களுக்கு வண்ணம் பூசி, ஓசை சேர்த்து, நொடிக்கு 60 பிரேமாக்கி (பிரேம் என்பது சுருளில் உள்ள தனித்தனி அசையாப் படம்) இணையத்தில் வெளியிடும் அன்பர்களுக்கு,

வணக்கம்.

உங்களில் ஒருவரையும் எனக்கு நேரில் தெரியாது. உங்கள் கைவேலை மட்டும் மாதத்துக்கு இரண்டு முறையாவது என் கைப்பேசிக்கு வந்து சேர்ந்துவிடுகிறது. உறவினர் குழுவில், காலை வணக்கப் பூங்கொத்துக்கும் மூட்டுவலிக் கஷாயக் குறிப்புக்கும் நடுவே, "1906-ஆம் ஆண்டு சான் பிரான்சிஸ்கோ, அசல் வண்ணத்தில்! நிலநடுக்கத்துக்கு நான்கு நாள் முன்பு!" என்று ஒரு காணொளி. அனுப்புகிறவர் என் சித்தப்பா. ஓய்வுபெற்ற ரயில்வே ஊழியர். எந்த வண்டியானாலும் சரி, அதன் முகப்பிலிருந்து தெரியும் காட்சி என்றால் அவருக்கு உயிர். அவருடைய மகிழ்ச்சியைக் கெடுக்க மனம் வராமல் ஒரு கும்பிடு போட்டுவிட்டு நகர்ந்துவிடுவேன். சித்தப்பாவிடம் சொல்லாததை உங்களிடம் சொல்லத்தான் இந்த மடல்.

எங்கள் ஊர் நூலகத்தில் மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை பழைய படம் போடுவோம். இருபது முப்பது பேர் வருவார்கள், பாதிப்பேர் பள்ளிப் பிள்ளைகள். சென்ற ஆண்டு ஒரு நாள், சான் பிரான்சிஸ்கோவின் மார்க்கெட் தெருவில் கேபிள் வண்டியின் முகப்பிலிருந்து எடுத்த அந்தப் படத்தைத் திரையிட்டோம். எங்கள் கையில் இருந்தது உங்களில் யாரோ மெருகேற்றிய பதிப்பு. மூலத்தைத் தேடி இறக்குவதற்குச் சோம்பல்பட்டவன் நான்தான்; அந்தக் குற்றத்தை முதலிலேயே ஒப்புக்கொண்டுவிடுகிறேன். படம் ஓடிக்கொண்டிருந்தபோது எட்டாம் வகுப்புச் சிறுமி ஒருத்தி, "சார், அந்தக் காரின் எண் என்ன?" என்று கேட்டாள். நிறுத்திப் பெரிதாக்கினேன். பலகையின் முதல் இலக்கம் 4 போல இருந்தது. ஒரு பிரேம் தள்ளினேன், 9 ஆயிற்று. இன்னொன்று தள்ளினேன், மேலே கொம்பும் கீழே வாலுமாக, எந்த நாட்டுக் கணக்கிலும் இல்லாத ஓர் இலக்கமாயிற்று. பிள்ளைகள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. அந்தப் படம் எப்போது எடுக்கப்பட்டது என்பதற்கான சாட்சிகளில் ஒன்று அப்படிப்பட்ட ஓர் எண் பலகைதான்.

உங்களில் பலருக்கு இந்தக் கதை தெரிந்திருக்கும். தெரியாதவர்களுக்காகச் சொல்கிறேன், ஏனென்றால் நான் கேட்கப்போவதெல்லாம் இதிலிருந்துதான் வருகிறது.

ஹாரி, ஹெர்பர்ட், ஏர்ல், ஜோ என்று மைல்ஸ் சகோதரர்கள் நால்வர். மார்க்கெட் தெருவில் 1139-ஆம் எண் கட்டடத்தில் அவர்களுடைய படப்பிடிப்புக் கூடம். தங்கள் வாசலில் ஓடும் கேபிள் வண்டியின் முகப்பில் கேமராவைப் பொருத்தி, கைப்பிடியைச் சுழற்றியபடியே கிழக்கு நோக்கிப் போனார்கள். தெருவின் முடிவில் ஃபெர்ரி கட்டடத்தின் கோபுரம். முதலில் அது ஒரு குச்சி போலத் தெரிகிறது. பன்னிரண்டு பதின்மூன்று நிமிடத்தில் வளர்ந்து வளர்ந்து திரையை அடைக்கிறது. நடுவில் குதிரை வண்டிகள், மிதிவண்டிகள், தண்டவாளத்தை எந்தப் பதற்றமும் இல்லாமல் குறுக்கே கடக்கும் தொப்பிக்காரர்கள், ஓடும் காரின் பின்புறத்தைப் பிடித்துத் தொங்கும் பையன்கள். இடப்பக்கம் வலப்பக்கம் என்ற ஒழுங்கெல்லாம் இல்லை. அவரவர் போகிற பக்கம்தான் அவரவர் பக்கம். நம் ஊர்க் கடைத்தெருவைப் பார்ப்பது போலவே இருக்கும்.

இந்தப் படம் 1905 செப்டம்பரில் எடுக்கப்பட்டது என்றுதான் நெடுங்காலம் எல்லோரும் நம்பினார்கள். தெருவில் பாதி எழும்பி நிற்கும் சில கட்டடங்களை வைத்துப் போட்ட கணக்கு அது. நைல்ஸ் எஸ்ஸனே ஊமைப்பட அருங்காட்சியகத்தைச் சேர்ந்த வரலாற்றாசிரியர் டேவிட் கீன் அதை நம்பவில்லை. அவருடைய கண்ணில் பட்டது தெருவில் தேங்கிக் கிடந்த தண்ணீர். தண்டவாளத்தை ஒட்டி இங்கொன்றும் அங்கொன்றுமாகக் குட்டைகள், அவற்றில் வானத்தின் வெளிச்சம். செப்டம்பரில் அந்த ஊரில் மழை ஏது? பழைய செய்தித்தாள்களின் வானிலைப் பத்திகளைப் புரட்டினார். பிறகு காரின் எண்ணைப் படித்து, கலிபோர்னியாவின் வாகனப் பதிவேட்டில் தேடினார். அந்த எண் 1906-இன் தொடக்கத்தில்தான் பதிவாகியிருந்தது. திரைத்தொழில் பத்திரிகைகளின் பழைய இதழ்களும் அதற்கு ஒத்து வந்தன. ஆக, படம் எடுத்தது 1906-இன் வசந்தத்தில். அந்த ஊரை ஏப்ரல் 18 அன்று காலை 5.12 மணிக்கு நிலநடுக்கமும் அதன்பின் தீயும் விழுங்கியதற்குக் கொஞ்ச நாள் முன்பு. 'நான்கு நாள்' என்பது கீன் முதலில் சொன்ன கணக்கு. நிழல்கள் விழும் கோணத்தை அளந்தவர்கள், இன்னும் சற்று முன்பே, மார்ச் மாதக் கடைசியில் எடுத்திருக்கலாம் என்றார்கள். சித்தப்பா அனுப்பும் காணொளிகளில் நான்கு நாள் மட்டும் அசையாமல் நிற்கிறது. நாடகத்துக்கு அதுதான் வசதி.

சகோதரர்கள் ஏப்ரல் 17 அன்று நியூயார்க்குக்கு ரயிலேறியிருந்தார்கள். நெகட்டிவும் அப்போது ஊரைவிட்டு வெளியேறியிருந்ததால் பிழைத்தது. 1139-ஆம் எண் கட்டடம் எரிந்து போனது. 2010-இல் இந்தப் படத்தை அமெரிக்கத் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் சேர்த்தார்கள்.

இப்போது இந்தக் கண்டுபிடிப்பு எதிலிருந்து வந்தது என்று எண்ணிப் பாருங்கள். தேங்கிய தண்ணீர், நிழல், மங்கலான ஓர் எண். மூன்றுமே உங்கள் மென்பொருள் 'குறை' என்று எடுத்துக்கொள்கிற வகையைச் சேர்ந்தவை. குட்டையின் பளபளப்பைச் சுருளில் விழுந்த கறை என்று நினைத்துத் துடைக்கிறது. நிழலின் விளிம்பை மழமழப்பாக்குகிறது. எண்ணைப் படிக்க முடியாவிட்டால் படிக்க முடியவில்லை என்று விட்டுவிடாமல், தானே ஓர் எண்ணை எழுதிக்கொள்கிறது. கீன் தேடத் தொடங்கிய காலத்தில் மூலம் தொலைந்துபோய் உங்கள் பதிப்பு மட்டும் மிஞ்சியிருந்தால், அந்தப் படம் இன்றைக்கும் 1905 செப்டம்பரிலேயே நின்றிருக்கும். தேதி அந்த அழுக்கில் ஒட்டிக்கொண்டிருந்தது. நீங்கள் முதலில் கழுவுவது அழுக்கைத்தான்.

இன்னொரு விஷயம். படத்தைப் பார்த்தால் 1906-இல் அந்தத் தெருவில் கார்கள் மொய்த்தது போலத் தோன்றும். அமெரிக்க நாடாளுமன்ற நூலகத்தார் பொறுமையாக ஒவ்வொரு காராகப் பின்தொடர்ந்து எண்ணினார்கள். ஏறக்குறைய எல்லாமே அதே சில கார்கள்! கேமராவைத் தாண்டிப் போய், திரும்பி, மறுபடியும் தாண்டுகின்றன. ஒரு கார் பத்து முறை வருகிறது. தங்கள் ஊரைச் செழிப்பாகக் காட்ட மைல்ஸ் சகோதரர்கள் தெரிந்தவர்களைச் சுற்றிச் சுற்றி ஓட்டச் சொல்லியிருக்க வேண்டும். 'ஆவணப்படம்' என்று நாம் பயபக்தியோடு பார்ப்பதிலேயே இப்படி ஒரு குறும்பு. ஆனால் அந்தக் குறும்பைக் கண்டுபிடிக்க முடிந்தது ஏன்? கார் ஒவ்வொரு முறையும் அதே கீறலோடு, அதே தொப்பிக்காரரோடு வந்ததால்தான். உங்கள் பதிப்பில் முதல் சுற்றில் மீசையோடு வருகிறவர் மூன்றாம் சுற்றில் மீசை இல்லாமல் வருகிறார்.

இனி தலைப்புக்கு வருகிறேன். யாரையும் திட்டுவதற்கு நான் அந்தச் சொல்லை எடுக்கவில்லை. நம் ஏட்டுப் பதிப்பு மரபில் அதற்குத் துல்லியமான பொருள் உண்டு. கம்பராமாயணத்தில் பின்னால் வந்தவர்கள் தங்கள் பாட்டுகளைக் கம்பர் பாட்டோடு கலந்து எழுதிவைத்தார்கள். 'வெள்ளி பாட்டு' என்று ஒரு கேலிப்பெயரே அதற்கு உண்டு. சில பாட்டுகள் நன்றாகவும் இருக்கும், அதை மறுக்கவில்லை. ஆனாலும் பிற்காலப் பதிப்பாசிரியர்கள் அவற்றைப் பிரித்தெடுத்து, 'மிகைப் பாடல்கள்' என்று தனியே அச்சிட்டார்கள். எரித்துவிடவில்லை, கம்பர் தலையில் கட்டிவிடவும் இல்லை.

கையால் சுழற்றிய அந்தக் காலத்துப் படங்களில் நொடிக்குப் பதினாறு பிரேம் அளவில் இருக்கும். சுழற்றுகிறவர் கையைப் பொறுத்துக் கொஞ்சம் கூடும், குறையும். நீங்கள் அதை அறுபதாக்குகிறீர்கள். மிச்சம் நாற்பத்து நான்கு எங்கிருந்து வந்தது? முன்னும் பின்னும் உள்ள இரண்டு பிரேம்களைப் பார்த்து, நடுவில் இப்படித்தான் இருந்திருக்கும் என்று மென்பொருள் வரைந்தது. அப்படியானால் சித்தப்பா பார்க்கிற ஒவ்வொரு நொடியிலும் ஏறக்குறைய நான்கில் மூன்று பங்கு 1906-இல் எந்தக் கேமராவும் பார்க்காத காட்சி. நடுவே செருகியது. இதற்கு நம்மிடம் வேறு சொல் இல்லை.

சிதைந்த ஏட்டை வைத்துக்கொண்டு உ.வே.சாமிநாதையர் என்ன செய்தார் என்பது உங்களில் தமிழர்களாக இருப்பவர்களுக்காவது தெரிந்திருக்கும். புறநானூற்றில் 267, 268-ஆம் பாட்டுகள் கிடைக்கவில்லை. ஐங்குறுநூற்றில் 129, 130. பதிற்றுப்பத்தில் முதல் பத்தும் கடைசிப் பத்தும் போயே போய்விட்டன. புறநானூற்றுப் பாட்டுகள் பலவற்றில் செல் அரித்த இடமெல்லாம் புள்ளி புள்ளியாக நிற்கிறது. அவருக்கிருந்த புலமைக்கு, அந்த இடங்களை யாப்புப் பிசகாமல் நிரப்பிவிட முடியாதா? நூறு பேர் படித்தாலும் ஒருவர்கூடக் கண்டுபிடிக்க முடியாதபடி நிரப்பியிருப்பார். புள்ளிதான் வைத்தார். அந்தப் புள்ளிகளைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு மிச்சமிருக்கும் எழுத்துகளின் மேல் நம்பிக்கை கூடுகிறது.

வண்ணத்தைப் பற்றிக் கொஞ்சம். நீங்கள் பூசுவது அழகாக இல்லை என்று சொல்ல மாட்டேன். ஆனால் அந்தக் காலத்துப் படச்சுருளுக்கு நம் கண் கிடையாது. அதற்கு நீலம் நன்றாகத் தெரியும், சிவப்பு தெரியவே தெரியாது. அதனால்தான் பழைய படங்களில் வானம் வெள்ளைத்தாள் போல வெளிறிக் கிடக்கிறது, சிவந்த உதடு கறுப்பாக இருக்கிறது. நீலச் சட்டையும் வெள்ளைச் சட்டையும் அதில் அண்ணன் தம்பி. மஞ்சள், நாம் எதிர்பார்ப்பதைவிடக் கறுத்துத் தெரியும். இந்தச் சாம்பலிலிருந்து மென்பொருள் எப்படி நிறத்தைப் படிக்கும்? படிக்கவில்லை, ஆயிரக்கணக்கான இக்காலப் படங்களைப் பார்த்து, 'கோட்டு என்றால் பழுப்பு, வண்டி என்றால் மரநிறம்' என்று ஒரு சராசரியை எடுத்து அப்புகிறது.

மார்க்கெட் தெருவில் ஓடிய கேபிள் வண்டிகளுக்குத் தடத்துக்கு ஒரு நிறம் என்று வழக்கம் இருந்தது. படிக்கத் தெரியாதவர்கூட நிறத்தைப் பார்த்தே தன் வண்டியை அடையாளம் கண்டு ஏறலாம். ஹெய்ட் தெரு வழியாகப் போகும் வண்டி கோல்டன் கேட் பூங்காவின் வாசலில் இறக்கிவிடும். ஞாயிற்றுக்கிழமை பிள்ளைகுட்டிகளோடு பூங்காவுக்குப் போகிற குடும்பம் தூரத்தில் நிறம் தெரிந்ததுமே கூடையைத் தூக்கிக்கொண்டு எழுந்து நின்றிருக்கும். அந்த நிறங்கள் எவை என்று ஊர் வரலாறு தெரிந்தவர்களைக் கேட்டிருந்தால் சொல்லியிருப்பார்கள். நான் பார்த்த வண்ணப் பதிப்புகளில் எல்லா வண்டியும் ஒரே வெளிறிய பழுப்பு. (அதே பூங்காவில்தான் சில நாள்களில் வீடிழந்தவர்கள் ஆயிரக்கணக்கில் கூடாரம் அடித்துக் கிடந்தார்கள். படத்தில் நமக்கு முன்னால் தண்டவாளத்தைக் கடந்து போகிறவர்களில் எத்தனை பேரோ.)

ஓசையும் அப்படித்தான். கேமரா இருந்த வண்டிக்கு நீங்கள் மின்டிராமின் ரீங்காரத்தைக் கொடுத்திருக்கிறீர்கள். கேபிள் வண்டிக்கு மோட்டாரே கிடையாது. இரண்டு தண்டவாளங்களுக்கும் நடுவே தரையில் ஒரு பிளவு ஓடும். அதன் அடியில் இரும்புவடம் ஓயாமல் நகர்ந்துகொண்டே இருக்கும். வண்டிக்காரர் நெம்புகோலை இழுத்து ஓர் இடுக்கியால் வடத்தைக் கவ்வினால் வண்டி நகரும், விட்டுவிட்டுப் பிரேக் கட்டையைப் போட்டால் நிற்கும். அந்தப் பிளவு படம் முழுக்கத் திரையின் நடுவில், பென்சில் கோடு போலக் கோபுரத்தை நோக்கி ஓடுவதைப் பார்க்கலாம். மார்க்கெட் தெருவில் தலைக்கு மேல் மின்கம்பி இழுப்பதை ஊரில் ஒரு சாரார் அசிங்கம் என்று எதிர்த்துக்கொண்டிருந்தார்கள். நிலநடுக்கத்துக்குப் பிறகுதான், இடிபாட்டைச் சாக்காக வைத்து, டிராம் நிறுவனம் கம்பியை இழுத்தது. அந்த அனுமதியில் கைமாறிய பணம் பிறகு பெரிய லஞ்ச வழக்காகி மேயர் வரை போனது. ஆகவே படத்தில் அந்தத் தெருவின் மேல் கம்பியற்ற வானம் தெரிவதும் ஒரு செய்தி. நீங்கள் சேர்த்த ரீங்காரம் அந்தச் செய்தியின் மேல் உட்கார்ந்திருக்கிறது.

"அந்தக் காலத்தில் அவர்களே ஓசை சேர்க்கவில்லையா?" என்று நீங்கள் கேட்கலாம். நியாயமான கேள்வி. சேர்த்தார்கள், அதுவும் உங்களைவிடத் துணிச்சலாக. அமெரிக்காவின் டிராம் நிறுவனங்களுக்கு ஞாயிற்றுக்கிழமை ஒரு தலைவலி. அலுவலகம் போகிற கூட்டம் இல்லை, வண்டி காலியாக ஓடும். அதற்கு அவர்கள் கண்ட வழி, தடத்தின் கடைசியில் ஒரு கேளிக்கைப் பூங்கா போடுவது. ராட்டினம், பேண்டு வாத்தியம், படகு. போகவும் வரவும் டிராம் டிக்கெட். அப்படிப்பட்ட பூங்காக்களில் பரவியதுதான் ஹேல் என்பவரின் சுற்றுலாக் கொட்டகை. ஜார்ஜ் ஹேல், கான்சஸ் நகரத் தீயணைப்புப் படையின் தலைவராக இருந்தவர். 1905-இல் அந்நகரின் எலெக்ட்ரிக் பூங்காவில் ரயில்பெட்டி போலவே ஒரு கொட்டகை அமைத்தார். வாசலில் டிக்கெட் கிழிக்கச் சீருடையில் கண்டக்டர். உள்ளே வரிசையாக இருக்கைகள், எதிரே திரை. திரையில் வண்டியின் முகப்பிலிருந்து எடுத்த படம் ஓடும்; கீழே பெட்டி ஆடும், சக்கரம் தடதடக்கும், முகத்தில் காற்று வீசும். மைல்ஸ் சகோதரர்களின் படத்தைப் போன்றவற்றுக்கு அன்றைக்கு இதுதான் சந்தை. யோசித்துப் பார்த்தால் வேடிக்கை: டிராமில் ஏறிப் பூங்காவுக்கு வந்து, அங்கே காசு கொடுத்து டிராம் போன்ற பெட்டியில் உட்கார்ந்து, டிராமிலிருந்து எடுத்த படம் பார்த்துவிட்டு, மறுபடி டிராமில் வீட்டுக்குப் போயிருக்கிறார்கள்.

ஆனால் அந்தக் கொட்டகையில் உட்கார்ந்த ஒருவரும், பெட்டி நிஜமாக ஓடுகிறது என்று நினைத்து வீட்டுக்குப் போகவில்லை. ஆட்டியது ஆள், வீசியது விசிறி என்று வெளியே வந்ததும் தெரியும். படச்சுருளோ தொடப்படாமல் பெட்டிக்குள் இருந்தது. ஹேல் படத்தைச் சுற்றித்தான் வித்தை காட்டினார்.

இன்னொரு வாதத்தையும் கேட்டிருக்கிறேன்: "பழைய பிரதி மங்கலாக இருக்கிறது, இளைஞர்கள் பார்க்க மாட்டார்கள், நாங்கள் தெளிவாக்கித் தருகிறோம்." மங்கல் என்பது பெரும்பாலும் அந்தக் காலத்தின் குற்றமல்ல, பிரதிக்குப் பிரதி, அதற்குப் பிரதி என்று எடுத்த நம் காலத்தின் குற்றம். மூல நெகட்டிவ் கிடைத்தால் என்ன ஆகும் என்பதற்கு இங்கிலாந்தின் மிட்செல், கெனியன் படங்களே சாட்சி. பிளாக்பர்ன் ஊரைச் சேர்ந்த அவர்கள் இருவரும் ஊர் ஊராகப் போய் டிராமின் முகப்பிலிருந்தும், ஆலை வாசலிலும் படம் எடுத்து, அங்கேயே திருவிழாக் கொட்டகைகளில் காட்டச் செய்தார்கள். "வாருங்கள், உங்களை நீங்களே திரையில் பாருங்கள்" என்பதுதான் விளம்பரத்தின் சாரம். 1901-இல் பெல்ஃபாஸ்ட், 1902-இல் ஹாலிஃபாக்ஸ், பிராட்ஃபோர்டு என்று அவர்களின் டிராம் பயணங்கள் நீள்கின்றன. பிறகு எல்லோரும் மறந்துபோனார்கள். 1994-இல் பிளாக்பர்னில் அவர்களின் பழைய கடை இருந்த கட்டடத்தின் நிலவறையில் உலோகப் பீப்பாய்கள் மூன்று கிடைத்தன. உள்ளே எண்ணூறுக்கும் மேற்பட்ட நெகட்டிவ் சுருள்கள். பிரிட்டிஷ் திரைப்பட நிறுவனம் அவற்றை மீட்டெடுத்தபோது கடைப் பலகைகளைப் படிக்க முடிந்தது; டிராமைப் பார்த்துப் பல்லைக் காட்டுகிற பையனின் பல் இடுக்கு தெரிந்தது. எந்த மென்பொருளும் அதை வரையவில்லை. பல் இடுக்கு அங்கேயே இருந்தது.

அதைவிட வியப்பு, ஜெர்மனியின் வுப்பர்டால் நகரில் 1902-இல் எடுத்த தொங்குரயில் படம். தெருவுக்கும் ஆற்றுக்கும் மேலே தண்டவாளத்தில் தொங்கிக்கொண்டு போகும் வண்டியிலிருந்து, கீழே நடக்கிறவர்களைப் பார்க்கிறோம். பயோகிராஃப் நிறுவனம் அன்று பயன்படுத்தியது 68 மில்லிமீட்டர் அகலச் சுருள், நொடிக்கு முப்பது பிரேம் அளவில். நியூயார்க்கின் நவீனக் கலை அருங்காட்சியகம் தன்னிடமிருந்த பிரதியை அப்படியே வெளியிட்டபோது, இது நேற்று எடுத்ததோ என்று உலகமே கண்ணைக் கசக்கியது. அதையும் உங்களில் சிலர் விட்டுவைக்கவில்லை. தெளிவாக இருப்பதை எதற்காகத் தெளிவாக்கினீர்கள் என்று எனக்கு இன்னும் புரியவில்லை. நல்ல கண்ணுள்ளவருக்குக் கண்ணாடி மாட்டிவிடுவது போலத்தான்.

சரி, உங்களிடம் எனக்குக் கோபம் மட்டும்தானா என்றால், இல்லை. உங்கள் காணொளி வராமல் இருந்திருந்தால் சித்தப்பா 1906-இன் சான் பிரான்சிஸ்கோவைப் பார்த்தே இருக்க மாட்டார். நூலகத்துக்கு வந்த பிள்ளைகளில் பாதிப்பேர் உங்களுடைய துண்டு ஒன்றை முன்பே பார்த்துவிட்டு, முழுதாகப் பார்க்க வந்தவர்கள். ரிக்கார்டோ டெ பான்யோஸ் 1908-இல் பார்சலோனாவில் டிராமிலிருந்து எடுத்த படத்தை நானே உங்களில் ஒருவரின் பதிப்பில்தான் முதலில் பார்த்தேன்; தண்டவாளத்தில் வண்டிக்கு முன்னால் ஓடிக்கொண்டே தொப்பியைச் சுழற்றும் பையன்களைப் பார்த்துவிட்டு அன்று இரவு வெகுநேரம் தூக்கம் வரவில்லை. வான்கூவரில் 1907-இல் டிராமில் கேமராவோடு போன வில்லியம் ஹார்பெக், ஐந்தாண்டு கழித்து டைட்டானிக் கப்பலோடு மூழ்கினார் என்பதை அறிந்துகொண்டதும் உங்களில் ஒருவரின் காணொளிக்குக் கீழே இருந்த குறிப்பிலிருந்துதான். உங்களை ஒழித்துக்கட்ட வேண்டும் என்று நான் சொல்லவில்லை. வெள்ளி பாட்டிலும் நல்ல பாட்டு உண்டு என்று மேலேயே சொல்லிவிட்டேன்.

எங்கள் பக்கத்துக் கதை உங்களுக்குத் தெரிந்தால் நான் ஏன் இவ்வளவு பதறுகிறேன் என்பது புரியும். மெட்ராசில் நடராஜ முதலியார் எடுத்த கீசகவதம்தான் தென்னிந்தியாவின் முதல் ஊமைப்படம். அது இன்று இல்லை. அவர் அதற்குப் பின் எடுத்தவையும் இல்லை. அடுத்தடுத்து வந்தவர்கள் எடுத்த எத்தனையோ படங்களில் முழுமைக்கு அருகிலாவது மிஞ்சியது என்று சொல்ல 1933-இன் மார்த்தாண்ட வர்மா ஒன்றுதான் இருக்கிறது. மெட்ராசில் மின்டிராம் 1895 முதல் 1953 வரை ஓடியது. லண்டனுக்கே அப்போது மின்டிராம் வந்திருக்கவில்லை என்று எங்கள் பெரியவர்கள் மார்தட்டிக்கொள்வார்கள். அந்த டிராமின் முகப்பில் கேமராவை வைத்துத் தெரு முழுக்க எடுத்த சுருள் ஒன்றை நான் இதுவரை பார்த்ததில்லை. நாளைக்கே ஒருவர் அப்படி ஒன்றை அனுப்பினால் என்ன செய்வேன்? பத்தாண்டுக்கு முன்பானால் துள்ளிக் குதித்திருப்பேன். இன்று முதலில் சந்தேகம்தான் வரும். பழைய மெட்ராஸ் என்று சொல்லி, ஒரு சுருளும் இல்லாமல் முழுக்க முழுக்க மென்பொருளே வரைந்த காணொளிகள் ஏற்கெனவே உலவுகின்றன. அவற்றில் தெருவின் பெயர்ப்பலகையில் உள்ள தமிழ், எங்கள் சிறுமி பார்த்த இலக்கத்தைப் போலவே, கொம்பும் வாலுமாக இருக்கிறது. மெருகேற்றிய நிஜத்துக்கும் முழுப் பொய்க்கும் நடுவில் இருந்த வரப்பை உங்கள் மழமழப்பு கொஞ்சம் கொஞ்சமாகக் கரைத்துவிட்டது. இரண்டும் இப்போது பார்வைக்கு ஒரே மாதிரி இருக்கின்றன.

ஆகவே நான் கேட்பது இவ்வளவுதான். 'அசல் வண்ணம்' என்ற சொல்லைக் கைவிடுங்கள்; வண்ணம் உங்களுடையது, அதைச் சொல்லிக்கொள்வதில் உங்களுக்கு என்ன இழுக்கு? நீங்கள் எடுத்துக்கொண்ட மூலம் எங்கே இருக்கிறது என்பதைக் குறிப்பின் முதல் வரியில் எழுதுங்கள். மூன்று முறை சொடுக்கினால்தான் தெரியும் ஆழத்தில் புதைக்காதீர்கள். எத்தனை பிரேமை எத்தனையாக்கினீர்கள் என்பதைப் படத்தின் மேலேயே, ஒரு மூலையில், சின்ன எழுத்தில் போடலாம். அனுப்ப அனுப்பக் குறிப்பு உதிர்ந்துபோகும், படத்தில் பொறித்தது உதிராது. சித்தப்பாவின் குழுவுக்கு வருவது படம் மட்டும்தான். எண் பலகை, கடைப் பெயர், மனிதர் முகம் ஆகிய மூன்றிலும் மென்பொருள் கைவைக்காமல் தடுக்க வழியிருந்தால் தடுங்கள். வழியில்லையென்றால் அந்த இடங்களை மங்கலாகவே விட்டுவிடுங்கள். அதுதான் உங்கள் புள்ளி. ஓசை சேர்த்தே ஆக வேண்டுமென்றால், கேபிள் வண்டிக்குக் கேபிள் வண்டியின் ஓசையையே கொடுங்கள். அந்த ஊரில் இன்றும் அது ஓடுகிறது, போய்ப் பதிவுசெய்துகொள்ளலாம்.

இன்னொன்று, இது கொஞ்சம் அதிகமான ஆசைதான். சான் பிரான்சிஸ்கோவின் ஒரு பழைய பொருள் சந்தையில், மைல்ஸ் சகோதரர்கள் நிலநடுக்கத்துக்குப் பிறகு எடுத்த சுருள் ஒன்று கிடைத்தது. ஒன்பது நிமிடம். அதே மார்க்கெட் தெரு, இருபுறமும் எலும்புக்கூடாக நிற்கும் கட்டடங்கள், தூரத்தில் அதே கோபுரம். முதல் படத்தையும் இதையும் உங்கள் திரையில் பக்கத்தில் பக்கத்தில் வைத்து, எதையும் தொடாமல், ஒரு முறை ஓடவிட்டுப் பாருங்கள். வெளியிட வேண்டியதில்லை. நீங்கள் பார்த்தால் போதும்.

நூலகத்தில் வரும் மாதம் அந்தப் படத்தை மறுபடியும் திரையிடுகிறோம், இந்த முறை நாடாளுமன்ற நூலகத்தின் தளத்திலிருந்து இறக்கிய மூலத்தை. எண் கேட்ட சிறுமியிடம் ஒரு தாளும் பென்சிலும் கொடுத்து, காருக்கு ஒரு கோடு போட்டு எண்ணச் சொல்லியிருக்கிறேன். பத்து முறை வருகிற கார் எது என்று அவள் கண்டுபிடித்துவிட்டால் அடுத்த மடலில் எழுதுகிறேன்.

இப்படிக்கு,
சித்தப்பாவுக்கு இன்னும் கும்பிடு மட்டுமே போட்டுக்கொண்டிருக்கும் ஒருவன்